குதிகாலிலிருந்து விரல்நுனி வரை

கால் எவ்வளவு நீளம், சென்டிமீட்டரில் சொல்லுங்கள் மேடம், சாயங்காலத்துக்குள் வேண்டும், சாக்ஸ் எடுத்து வைக்கணும் என்று போனில் பயணச் சாமான் கிடங்கு ஆள் இந்தியும் இங்கிலீஷுமாகச் சொல்லிவிட்டு வைத்ததிலிருந்து மங்கையர்க்கரசிக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஞாயிற்றுக்கிழமை மதியம், சாப்பாட்டுக்குப் பிறகு காரைக்கால் முழுக்கக் கண்ணயர்ந்து கிடக்கிற நேரம். உள்ளறையில் அவள் கணவர் குமரவேல் முகத்தில் பேப்பரைக் கவிழ்த்துக்கொண்டு படுத்திருந்தார். மூச்சு விடும்போதெல்லாம் பேப்பர் எழும்பித் தாழ்ந்தது. அவள் கூடத்தில் நின்று தன் கால்களைப் பார்த்தாள். சாக்ஸ். வாய்க்குள் ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொண்டாள். இந்த வீட்டில் சாக்ஸ் என்றால் மகள் சாருமதி பள்ளிக்கூடம் போன காலத்தில் தோய்த்துக் காயப்போட்ட வெள்ளை ஜோடிகள்தான், அதிலும் எப்போதும் ஒரு காலுடையது காணாமல் போயிருக்கும். அவளும் இப்போது திருச்சியில் காலேஜ் விடுதியில் இருக்கிறாள், விஷயத்தைக் கேட்டதும் போம்மா, போயிட்டு வாம்மா என்று போனிலேயே குதித்தாள். மங்கையர்க்கரசி படித்த பள்ளிக்கூடத்தில் செருப்புகூடக் கட்டாயமில்லை. ஆனால் இது அந்த சாக்ஸ் இல்லை. முட்டிவரை வரும் கம்பளி சாக்ஸ், மெல்லியது ஒன்று, அதன்மேல் தடித்தது ஒன்று. அடுத்த மாதம் இமயமலையில் பனிமேல் நடக்கப் பழக்குவார்கள். அதற்கப்புறம் கப்பல். கப்பலுக்கு அப்புறம் அண்டார்டிகா. அந்தச் சொல் வரும்போதெல்லாம் அடிவயிற்றில் ஊஞ்சல் கீழே இறங்குகிற மாதிரி ஒரு குளிர்ச்சி ஓடியது, ஆடி முடித்தபின்னும் இன்னொரு தரம் ஆடச் சொல்கிற குளிர்ச்சி. வானிலை அலுவலகத்தில் இத்தனை வருஷம் பலூன் விட்டவளை, போ, அங்கே போய் ஒரு வருஷம் பலூன் விடு என்று தேர்ந்தெடுத்துவிட்டார்கள். தேர்ந்தெடுத்தார்கள் என்றால் அது இதுவரை காதில் விழுந்த செய்திதான். கால் அளவு கேட்கிறார்கள் என்றால் அது வேறு. யாரோ ஒருவன் எங்கேயோ ஒரு கிடங்கில் அலமாரிக்கு முன்னால் நின்றுகொண்டு, இவள் காலுக்காகக் கையை நீட்டியபடி காத்திருக்கிறான்.

பழைய காலண்டர் தாள் ஒன்றை எடுத்துத் திருப்பித் தரையில் போட்டு, அதன் விளிம்பைச் சுவரோடு சேர்த்து ஒட்டினாள். குதிகாலைச் சுவரில் அழுத்தி வைத்து நுனி விரலில் பென்சிலால் ஒரு கோடு போட்டால் போதும், ஒரு நிமிஷ வேலை. குனிந்தாள். குனிந்ததும் குதிகால் சுவரை விட்டு நகர்ந்தது. மறுபடி அழுத்தினாள், மறுபடி குனிந்தாள், மறுபடி நகர்ந்தது. உட்கார்ந்துகொண்டு அளந்தால் என்ன? நாற்காலியை இழுத்தால் சத்தம் வரும், அவர் எழுந்துவிடுவார். தரையிலேயே உட்கார்ந்து காலை நீட்டிச் சுவரில் உள்ளங்காலைப் பதித்துப் பார்த்தாள், சரி, ஆனால் உட்கார்ந்திருக்கும்போது காலில் பாரம் இல்லை, பாரம் இல்லாத கால் சுருங்கியிருக்கும், பனியில் உட்கார்ந்துகொண்டா நடக்கப்போகிறாள்? அதுவும் காலையில் ஓர் அளவு, சாயங்காலம் ஓர் அளவு. வெயிலில் நின்றுவிட்டு வந்தால் செருப்பு வார் கடிக்கிறதே, அது கால் வீங்குவதால்தானே? குளிரில் அது சுருங்குமா? எந்தக் காலை அளப்பது, காரைக்கால் வெயிலில் ஊறிய இந்தக் காலையா, அங்கே போய்ச் சுருங்கப்போகிற அந்தக் காலையா? சாருமதியின் பழைய அடிஸ்கேலைக் கொண்டுவந்தாள். அதில் பூஜ்யத்துக்கு முன்னால் கொஞ்சம் வெற்றுப் பிளாஸ்டிக் நீட்டிக்கொண்டிருக்கிறது. அதைச் சேர்த்துக்கொண்டு அளந்தால் கால் குட்டையாகிவிடும். அலுவலகத்தில் புதிதாக வருகிறவர்களுக்கு அவள் முதலில் சொல்வதே, கருவி எங்கே தொடங்குகிறது என்று பார் என்பதுதான். எத்தனை விடியற்காலைகள் அந்த மைதானத்தில் நின்று வெள்ளைப் பலூனைக் கையிலிருந்து விட்டிருக்கிறாள். விட்ட கணத்தில் கை லேசாகிப் போகும், அந்த ஒரு கணம் அவளுக்கு இன்னும் அலுக்கவில்லை. பலூன் மேலே போகப்போக, அதில் கட்டிய கருவி அனுப்பும் வெப்பநிலை எண்கள் கீழே திரையில் இறங்கும், பூஜ்யம், மைனஸ் பத்து, மைனஸ் நாற்பது, மைனஸ் எழுபது. கழுத்தில் வியர்வை வழிய, பக்கத்தில் மின்விசிறி கடகடவென்று சுற்ற, மைனஸ் எழுபதை அவள் பார்த்துக்கொண்டு இருப்பாள். குளிர் அவளுக்கு எண்ணாகத்தான் பழக்கம். இப்போது அந்த எண்ணுக்குள்ளேயே போய் நிற்கப்போகிறாள், இந்தக் காலோடு. பலூனைப் பிடித்திருந்த கயிற்றை விடாமல் தானும் மேலே போகிற மாதிரி. சிரிப்பு வந்தது. வாயைப் பொத்திக்கொண்டாள்.

கால். யாரும் இதுவரை இதன் அளவைக் கேட்டதில்லை. இதை அளக்காமலே எல்லாரும் ஓர் அளவு சொல்லியிருக்கிறார்கள். அதில் முதல் ஆள் அம்மா. பொண்ணுக்குக் கால் பெருசா இருக்குன்னு ஒரு பேச்சு வந்துடக் கூடாது என்று, பெண் பார்க்க வந்த அன்று, காபித் தட்டை எடுத்துக்கொண்டு போவதற்கு முன்னால், புடவையை இன்னும் இறக்கிக் கட்டிவிட்டாள். உக்காரும்போது காலை உள்ள இழுத்துக்க. ரெண்டாவது விரலை மடக்கிக்க. கட்டைவிரலைவிட இரண்டாவது விரல் நீளமாக இருந்தால் புருஷனை அடக்கி ஆள்வாள் என்பார்கள், இவளுக்கு அது நன்றாகவே நீளம், ஒளிக்க முடியாத நீளம். ஜமக்காளத்தில் உட்கார்ந்திருந்த நேரம் முழுக்க அந்த விரலை மடக்கியே வைத்திருந்து கெண்டைக்கால் பிடித்துக்கொண்டது, எழுந்திருக்கும்போது நொண்டினாள், மாப்பிள்ளை வீட்டில் ஒரு சித்தி, பொண்ணுக்குக் கால்ல என்ன என்று கேட்டுவிட்டாள். அன்று குமரவேல் தலையைக் குனிந்துகொண்டு பஜ்ஜி தின்றுகொண்டிருந்தார். பார்த்தாரா பார்க்கவில்லையா, இன்றுவரை தெரியாது. செருப்புக் கடையிலும் அதே கதை. ஆறாம் நம்பர் என்றாள் அம்மா, அதிலிருந்து ஆறுதான். குதிகால் எப்போதும் செருப்புக்கு வெளியே விரலகலம் தொங்கிக்கொண்டிருக்கும், பின்பக்கம் வெடித்து வெடித்து மாசி மாதத்தில் ரத்தம் கசியும், தேங்காயெண்ணெயில் மஞ்சள் குழைத்துத் தடவுவாள். ஏன் ஏழு கேட்கவில்லை? கேட்டால் கடைக்காரன் ஏதாவது நினைப்பான் என்றா? கடைக்காரன் என்ன நினைப்பான்? அவனுக்கு ஏழும் செருப்புதான். ஆனால் ஏழு என்று வாய் வந்ததில்லை. இன்றைக்கும் அந்த ஆள் போனில் கேட்டதும், ஆறு என்று சொல்ல வாய் திறந்துவிட்டது. சென்டிமீட்டரில் வேண்டும் என்று அவன் சொன்னதால் தப்பித்தாள்.

நின்றபடியே அளப்பது என்று முடிவு செய்தாள். சுவரில் முதுகைச் சாய்த்து, இடது கையால் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, மெல்ல முட்டியை மடக்கினாள். ஜன்னல் வழியே மீன் வாடையோடு உப்புக்காற்று வந்தது. துறைமுகத்தில் ஐஸ் பாக்டரி இன்று லீவு, அதனால்தான் அவர் வீட்டில். அங்கே அவர் மேற்பார்வை. ஐஸ் பாளங்கள் இரும்புத் தொட்டியிலிருந்து வழுக்கிக்கொண்டு வருவதும், கொக்கியால் இழுப்பதும், அரைவை இயந்திரத்தில் தள்ளுவதும் இத்தனை வருஷமாகப் பார்க்கிறவர். குளிர் என்றால் அவருக்கு எண் இல்லை, கை. அவரிடம் கேட்டிருக்க வேண்டிய கேள்விகள் எத்தனை இருக்கின்றன. பனியில் கால் மரத்துப்போனால் எப்படித் தெரியும்? வலிக்குமா, வலிக்காமல் போகுமா, எது ஆபத்து? ஆனால் போன வாரம் செய்தி வந்த அன்று சோறு போட்டுக்கொண்டே, என்னைத் தேர்ந்தெடுத்துட்டாங்க, நான் போறேன் என்று இவள் சொன்னபோது அவர் ரசத்தைக் கலக்கிக்கொண்டே ம் என்றார். அவ்வளவுதான். அதற்கப்புறம் கேஸ் தீர்ந்ததைப் பற்றிப் பேசினார், மோட்டார் ஓடாததைப் பற்றிப் பேசினார், சாருமதிக்கு ஜுரம் என்றதைப் பற்றிப் பேசினார், இதைப் பற்றி மட்டும் வாயே திறக்கவில்லை. அந்த ம் என்ன ம்? சரி என்ற ம்மா, பார்க்கலாம் என்ற ம்மா, ரசத்தில் உப்பு குறைவு என்ற ம்மா? ஒரு வாரமாக அவள் அந்த ஒற்றை எழுத்தையே சுற்றிச் சுற்றி வருகிறாள். அளவு சொல்லிவிட்டால் சொன்னதுதான், பிறகு மாற்றிப் பேச முடியாது. அவர் எழுந்து வந்து வேண்டாம் என்றால்? சொல்லிவிட்டேனே என்று சொல்லிவிடலாமா? அதற்காகத்தானா இப்படிச் சத்தம் போடாமல் அளக்கிறாள்? இந்த ஊர்க் கோயிலில் வருஷாவருஷம் மாம்பழத் திருவிழாவில் அம்மையார் கதை சொல்வார்கள், வீடு உறவு எல்லாம் விட்டுக் கைலாயத்துக்குப் போனவள், அந்தப் பனிமலையில் கால் படக் கூடாதென்று தலையாலேயே நடந்து போனாள் என்று. சின்ன வயதில் அதைக் கேட்டு வாசலில் தலைகீழாக நிற்கப் பார்த்து விழுந்திருக்கிறாள். நான் காலாலேயே போகிறேன் தாயே, என்று நினைத்துக்கொண்டாள், பெரிய கால், நல்லா ஊன்றி நடக்கும். அதோடு நான் விட்டுவிட்டும் போகவில்லை, திரும்பி வருவேன். நினைத்ததும் பயமா சந்தோஷமா என்று இரண்டையும் பிரித்துப் பார்க்க முயன்றாள். பிரியவில்லை.

பென்சிலை நேராக நிறுத்தி, சாய்க்காமல், குதிகாலிலிருந்து ஓரமாக வரைந்துகொண்டு வந்தாள். சுண்டுவிரல், அடுத்த விரல், அடுத்தது, இரண்டாவது விரலில் பென்சில் தட்டி நின்றது. மெட்டி. ஓரத்தில் துருத்திக்கொண்டிருந்த வெள்ளி வளையம் பென்சிலைத் தள்ளிவிட்டது, கோடு எகிறிப் போயிற்று. அவள் அப்படியே நின்றுவிட்டாள். மெட்டியைப் பற்றி நினைக்கவே இல்லையே. மெட்டிமேல் சாக்ஸ் ஏறுமா? ஏறும், மாட்டும், நூல் பிரியும். உள்ளே விரலை நெருக்கும். வெள்ளி சில்லிட்டால் தோல் என்ன ஆகும்? உலோகம் வெறும் தோலில் படக் கூடாது என்று அலுவலகத்தில் எத்தனை தடவை படித்திருக்கிறாள், அது தன் காலிலேயே இருப்பது எப்படி மறந்தது? கழற்ற வேண்டும். கழற்றித்தான் ஆக வேண்டும், இப்போது இல்லாவிட்டாலும் இமயமலையில். அப்போது கழற்றினால் என்ன, இப்போது எதற்கு? ஆனால் மெட்டியோடு அளந்தால் அளவு தப்பு. தப்பான அளவைத் தெரிந்தே சொல்வது அவளால் முடியாத காரியம், ஆறாம் நம்பர் செருப்பைத் தவிர. புருஷன் இருக்கும்போது மெட்டியைக் கழற்றுவதா? பிரசவத்தில்கூடக் கழற்றவில்லை. அம்மா இருந்தால் நெஞ்சில் கை வைத்திருப்பாள். அவர் உள்ளே மூச்சு விட்டுக்கொண்டு இருக்கிறார், பேப்பர் ஏறி இறங்குகிறது, இங்கே அவள் மெட்டியைத் திருகுகிறாள். அது அசையவில்லை. தரையில் உட்கார்ந்து பலமாகத் திருகினாள். விரல் சிவந்தது. அடுப்படிக்குப் போய்த் தேங்காயெண்ணெய் தடவினாள், வழுக்கியது, கணுவில் வந்து நின்றுகொண்டது. குளியலறைக்குப் போய் சோப்புப் போட்டாள். நுரைக்குள் விரல் தடித்துக்கொண்டே போவது தெரிந்தது. வீங்குகிறது, வீங்கினால் அளவும் போச்சு, மெட்டியும் வராது. ஒற்றைக் காலில் நின்று இன்னொரு காலைத் தூக்கிப் பிடித்திருந்தவள் தடுமாறிச் சுவரைப் பிடிக்கப் போக, குவளை உருண்டு தொட்டியின் மூடியில் விழுந்து அங்கிருந்து தரையில் விழுந்து வீடே அதிர்ந்தது.

பேப்பர் விலகும் சத்தம் கேட்டது. கட்டில் முனகியது.

"என்ன அரசி, விழுந்துட்டியா?"

"இல்லங்க, குவளைதான்."

அவர் குளியலறை வாசலில் வந்து நின்றார். தலைமுடி ஒரு பக்கமாக அமுங்கியிருந்தது. நுரையோடு தூக்கிப் பிடித்த காலைப் பார்த்தார், விரலைப் பார்த்தார், பிறகு கூடத்தில் தரையில் கிடந்த காலண்டர் தாளையும் ஸ்கேலையும் திரும்பிப் பார்த்தார். அவளுக்குத் திருட்டுத்தனமாக எதையோ தின்றுகொண்டிருந்த மாதிரி இருந்தது.

"சாக்ஸுக்குக் கால் அளவு கேட்டாங்க. மெட்டி இடிக்குது. அளந்துட்டு மறுபடி போட்டுக்கறேன்" என்றாள்.

"அங்கயும் இதைப் போட்டுக்கிட்டா போவ?"

இதோ வந்துவிட்டது என்று நினைத்தாள். ஒரு வாரமாக உள்ளே கிடந்தது இப்போது வெளியே வரப்போகிறது, மெட்டியில் தொடங்கி, மானத்தில் வந்து, ஊர் என்ன சொல்லும் என்பதில் முடியும். அவர் உள்ளே போனார். அலமாரி திறந்தது. ஒரு கரண்டியோடு வந்தார், காம்பு தட்டையான பழைய எவர்சில்வர் கரண்டி.

"காலைக் கழுவிட்டு வந்து உக்காரு. சோப்புப் போட்டு இழுத்தா வீங்கத்தான் செய்யும். இது மூடின வளையமா என்ன? அடியில பிளவு இருக்குது, அதை விரிக்கணும்."

நாற்காலியில் அவளை உட்காரவைத்து, தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, அவள் காலைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டார். கரண்டிக் காம்பின் நுனியைப் பிளவுக்குள் விட்டு மெதுவாக நெம்பினார். அவர் கை எப்போதும்போல் சில்லென்று இருந்தது. ஐஸில் கிடந்து கிடந்து அந்தக் கையே அப்படி ஆகிவிட்டது, கல்யாணமான புதிதில் அவள் துள்ளி விலகுவாள். அவரும் மோதிரம் போடுவதில்லை. மாமனார் வீட்டு மோதிரத்தைக் கழற்றி வைத்துவிட்டாரே என்று அம்மா வருத்தப்பட்டபோது, பாளத்தைத் தூக்கறப்ப விரலோட ஒட்டிக்கும் அத்தை, தோலோட வரும் என்று சொன்னது இப்போதுதான் நினைவுக்கு வந்தது.

"இதைப் போடறதுக்கே உங்க மாமா எண்ணெய் கொண்டுவந்து கொடுத்தாரு" என்றார் குனிந்தபடியே. "விரல் ஒரு அளவு, மெட்டி ஒரு அளவு. நான் அழுத்தறேன், நீ பல்லைக் கடிச்சிக்கிட்டு இருந்த. ஐயர் மந்திரத்தை நிறுத்திட்டுப் பாத்துக்கிட்டு இருந்தாரு."

"அம்மா சின்னதா வாங்கிட்டாங்க. கால் பெருசுன்னு கடையில தெரியக் கூடாதுன்னு."

"பெருசுதான். பொண்ணு பாக்க வந்தன்னிக்கே பாத்தேனே."

அவள் திடுக்கிட்டாள். மடக்கி மடக்கி வைத்திருந்த விரல். பிடித்துக்கொண்ட கெண்டைக்கால். இத்தனை வருஷம்.

"பாத்தீங்களா?"

"வேற என்ன பாக்கறது. நீ தலையே நிமிரல, நானும் நிமிரல. பஜ்ஜிக்கும் உன் காலுக்கும் நடுவுல எனக்கு வேற ஒண்ணும் தெரியல."

முதல் மெட்டி கழன்று வந்தது. விரலைச் சுற்றி வெளுத்த ஒரு பள்ளம், அந்தத் தோல் வெயிலே பார்க்காத தோல், குழந்தையின் தோல் மாதிரி மெத்தென்று இருந்தது. அங்கே காற்று பட்டது அவளுக்கு உடம்பெல்லாம் தெரிந்தது. அடுத்த காலை எடுத்து மடியில் வைத்தார். அவர் நன்றாகத்தான் பேசிக்கொண்டிருக்கிறார், இப்போது கேட்கலாம், கேட்டால் கெட்டுவிடுமா, கேட்காமல் விட்டால் கப்பலில் போய் உட்கார்ந்துகொண்டு அந்த ம்மையே நினைத்துக்கொண்டு இருக்க வேண்டுமா, அங்கே இரண்டு மாதம் இருட்டாம், அந்த இருட்டு முழுக்கவா? கேட்டுவிட்டாள்.

"ஏங்க, ஒரு வாரமா ஒண்ணுமே சொல்லல நீங்க."

நெம்புவதை அவர் நிறுத்தவில்லை.

"நீ கேக்கலயே. போறேன்னு சொன்ன. போகட்டுமான்னு கேக்கல."

"கேட்டிருந்தா?"

"போகாதேன்னுதான் சொல்லியிருப்பேன்." கரண்டியை எடுத்துவிட்டு, வளையத்தைக் கையால் விரித்தார். "நீயும் நின்னிருப்ப. அதான் ஒரு வாரமா வாயை மூடிக்கிட்டு இருக்கேன். எங்க கேட்டுத் தொலைச்சிடுவியோன்னு எனக்கு ஒரே பயம்."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. இத்தனை நாளும் அவர் பேச வேண்டுமே என்று அவள் காத்திருக்க, அவள் கேட்டுவிடக் கூடாதே என்று அவர் காத்திருந்திருக்கிறார். கேஸும் மோட்டாரும் அவருக்கு அத்தனை உதவியாக இருந்திருக்கின்றன. இரண்டாவது மெட்டியும் கழன்று வந்தது. எழுந்து போய் சுவரில் குதிகாலை வைத்து நின்றாள், நிமிர்ந்து, இரண்டு காலிலும் பாரத்தைக் கொடுத்து. அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, முட்டி போட்டுக் குனிந்தார்.

"விரலை மடக்காத."

"மடக்கலங்க."

"மடக்கறடி. நேரா வை."

மடக்கித்தான் வைத்திருந்தாள், அவளுக்கே தெரியாமல். விரித்தாள். ஐந்து விரலும் காலண்டர் தாள்மேல் பரந்து உட்கார்ந்தன, இரண்டாவது விரல் எல்லாவற்றையும் தாண்டிக்கொண்டு முன்னால் போயிற்று. பென்சில் அதன் நுனியைத் தொட்டபோது கூசியது. பூஜ்யம் எங்க இருக்குன்னு பாத்து வைங்க என்றாள். தெரியும் என்றார். வலது காலையும் வரைந்து, இரண்டையும் அளந்து, சந்தேகப்பட்டு மறுபடி அளந்து, கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு அவளை நிமிர்ந்து பார்த்தார்.

"இருபத்தாறு. வலது ஒரு நூல் கூட."

இருபத்தாறு. இத்தனை நாளும் அவ்வளவு நீளமாக இருந்திருக்கிறது. கீழே பார்த்தாள். பாதம் இரண்டும் புதிதாக யாரோ கொண்டுவந்து வைத்ததுபோல் தெரிந்தன. போனை எடுத்து அந்த ஆளைக் கூப்பிட்டாள். இருபத்தாறு என்றாள். அந்தப் பக்கம் அட்டைப்பெட்டிகள் நகரும் சத்தம். பெண்கள் அளவு இருபத்தைந்தோடு முடிகிறது மேடம், ஆண்கள் அளவில்தான் எடுக்க வேண்டும், பரவாயில்லையா, இல்லை ஒருவேளை சரியாக அளந்து பார்த்து இருபத்தைந்தாக இருந்தால் என்று அவன் இழுத்தான். நின்றுகொண்டு அளந்தேன், இருபத்தாறுதான், ஆண்கள் அளவிலேயே எடுங்கள் என்றாள். எடுத்து வைத்துவிட்டேன் என்றான். போனையும் வைத்துவிட்டான். அவ்வளவு சுலபமாக இருந்தது. எங்கோ ஓர் அலமாரியில் அவள் பெயர் எழுதி, அவள் காலுக்கென்று, உள்ளே இன்னும் யாரும் நுழையாத கம்பளி.

ஒரு நிமிஷம் உட்கார முடியவில்லை. கூடத்தில் நடந்தாள், அடுப்படிக்குப் போனாள், எதற்கு வந்தோம் என்று தெரியாமல் டீக்குத் தண்ணீர் வைத்தாள், கொல்லைக் கதவைத் திறந்து வெயிலைப் பார்த்தாள், சூடான சிமெண்டில் கால் வைத்து எடுத்து வைத்து எடுத்து, எல்லாப் பக்கமும் போய்விட்டு வந்தாள், உடம்பு முழுக்கக் கால்தான் இருந்தது. கல்யாணமான நாளாக இந்த வீட்டில் நடந்த நடையெல்லாம் எங்கேயோ சேர்ந்துகொண்டே வந்து இன்றைக்கு உள்ளங்காலில் வந்து துடிக்கிறது. துணி எத்தனை எடுத்துக்கொள்வது? ஊறுகாய் கொண்டுபோக விடுவார்களா? முதல் பலூனை அங்கே விடும்போது கையுறை போட்டிருப்பாளே, கை லேசாகிற அந்தக் கணம் கையுறைக்குள் தெரியுமா? தெரியும், தெரியாமல் போகாது. அங்கிருந்து பலூன் விட்டால் மேலே போகப்போக எண் இறங்குமா, தரையிலேயே இறங்கிக் கிடக்குமே?

"அரசி."

உள்ளறையிலிருந்து அவர் குரல். அவள் கொல்லை வாசலிலேயே நின்றாள்.

"என்னங்க?"

"ஒண்ணுமில்ல. எங்க இருக்க?"

"இங்கதான், கொல்லையில."

பேப்பர் மடிக்கிற சத்தம் கேட்டது.

"மெட்டி சத்தம் இல்லயா, நீ எங்க இருக்கேன்னு தெரியல. எத்தனை வருஷமா கண்ணை மூடிக்கிட்டுப் படுத்திருந்தாலும், இப்ப அடுப்படி, இப்ப வாசல்னு தெரியும் எனக்கு" என்றார். பிறகு, சாதாரணமாக, கேஸ் தீர்ந்ததைச் சொல்கிற குரலில் சொன்னார். "சரி, போகப்போகப் பழகிடும். நான் இப்பவே பழகிக்கறேன். நீ நடந்துக்கிட்டே இரு, நான் அப்பப்ப கூப்பிடறேன். எங்க இருக்கேன்னு சொல்லு."

வெயில் சிமெண்டு உள்ளங்காலைச் சுட்டது. பிறகு நடந்தாள், சத்தமே இல்லாமல், துவைக்கிற கல்வரை, கிணற்றடிவரை, முருங்கைவரை.

"அரசி."

"இங்க இருக்கேன்" என்றாள், இன்னும் கொஞ்சம் தள்ளியிருந்து.